இரண்டாவது கவுன்ட்டர்

ஆறு மணிக்கு, கத்திவாக்கத்தில் வேன் ஏறும்போதே
ஆளுக்கொரு அட்டை கொடுத்தாள் ஜெசிந்தா.
வெளிமான், புள்ளிமான், நரி, கீரி, நட்சத்திர ஆமை.
பார்த்ததும் பக்கத்தில் ஒரு டிக் போட வேண்டும்.
கிண்டிக் காட்டுக்குள் பதினாறு பேருக்குத்தான் அனுமதி,
ஒன்பது மணிக்கு வனக்காவலர் காத்திருப்பார்,
சிவப்புச் சட்டைக்காரர்கள் மேலே எதையாவது போர்த்திக்கொள்ளுங்கள் என்றாள்.

என் சட்டை சிவப்பு.
பதினோரு மாதத்தில் முதல் விடுப்பு என்று
சரளா எடுத்து வைத்த சட்டை.

எர்ணாவூர் தாண்டியதும் வேன் நின்றது.
முன்னால் கன்டெய்னர் லாரி.
அதற்கு முன்னால் கன்டெய்னர் லாரி.
கடல் இருக்க வேண்டிய இடத்திலெல்லாம் தகரம்.
மஸ்தான் என்ஜினை அணைத்துவிட்டு
ஸ்டியரிங் மேல் தாடையை வைத்துக்கொண்டான்.
"ஜீரோ கேட் வரைக்கும் இப்டித்தான் கீது."

ஏழு. ஏழே முக்கால்.
ஐஸ் பேக்டரி அமலோற்பவம்
மதியத்துக்கென்று கட்டிவந்த புளிசாதத்தைப் பிரித்தாள்.
வேனெங்கும் பெருங்காயம்.
"காசைத் திருப்பிக் குடுத்துடும்மா" என்றது பின் சீட்.
காது கேட்காதவள்போல் ஜெசிந்தா
பைனாகுலரை ஜன்னலுக்கு வெளியே திருப்பினாள்.
"அந்த நீலப் பெட்டிமேல் பாருங்க, செம்பருந்து.
அட்டையில இல்ல. ஆனாலும் பாருங்க."

பார்த்தார்கள்.
நான் பெட்டியைப் பார்த்தேன்.
நாலு எழுத்து, ஆறு எண், கடைசியில் ஒரு சோதனை எண்.
அந்தக் கடைசி எண்ணைத் துணியால் மூடினாலும்
கூட்டிப் பெருக்கிச் சொல்லிவிடுவேன்.
எந்தக் கம்பெனி, எந்தக் கரை,
குளிர்பெட்டியா வெறும்பெட்டியா,
எல்லாம் எனக்கு நிறத்திலேயே தெரியும்.
"சார் எங்க வேலை பாக்குறீங்க?"
பைனாகுலரை நீட்டியபடி கேட்டாள்.
"ஸ்கூல்ல" என்றேன்.
ஏன் அப்படிச் சொன்னேன், தெரியவில்லை.

வரிசைக்கு ஒரு பக்கம்தான் தெரியும் எனக்கு.
கண்ணாடிக்கு இந்தப் பக்கம், மின்விசிறிக்குக் கீழே.
ஒரு கை காகிதத்தை நீட்டும்,
முத்திரை குத்துவேன், கை போகும், அடுத்த கை.
அந்தக் கைகளுக்குப் பின்னால்
இவ்வளவு நீளம் இருக்கும் என்று
யாரும் சொன்னதில்லை. நானும் கேட்டதில்லை.
பக்கத்து லாரியின் அடியில் ஒருவன்
சேலைத்தூளி கட்டிப் படுத்திருந்தான்.
இன்னொருவன் பெட்ரோல் கேனில் தண்ணீர் கொண்டுவந்து
முகம் கழுவினான், காலை அல்ல,
நேற்றைய முகத்தை.

எட்டேகாலுக்கு போன் அடித்தது. கோதண்டம்.
"எங்கய்யா இருக்கே? உன் சீட்டுக்கு ஆளே போடல.
ரெண்டாவது கவுன்ட்டர் மூடிக் கெடக்கு.
வெளியே லைன் திருவொற்றியூர் தாண்டிடுச்சாம்."
எர்ணாவூர் என்று திருத்தப் போனேன்.
நாக்கைக் கடித்துக்கொண்டேன்.
"யாரு?" என்றாள் சரளா.
"ராங் நம்பர்."

கிண்டி சேரும்போது பதினொன்றே முக்கால்.
கேட்டில் காவலர் கடிகாரத்தைத் தட்டிக் காட்டினார்.
ஜெசிந்தா கெஞ்சினாள், பேப்பர் காட்டினாள், மீண்டும் கெஞ்சினாள்.
எனக்கு அந்த முகம் பழக்கம்.
தினமும் முந்நூறு தடவை பார்க்கிறேன்.
கடைசியில் இருபது நிமிடம் கிடைத்தது.

சரளாவின் சாம்பல் துப்பட்டாவுக்குள் நான் நடந்தேன்.
புதர் விலகிய இடத்தில் ஒரே ஒரு வெளிமான்.
முறுக்கிய கொம்பு, கரிய முதுகு, வெள்ளை வயிறு.
பதினாறு பேரும் மூச்சை நிறுத்தினோம்.
தூரத்தில் ஏதோ விமானம் இறங்கியது.
அது எங்களை ஒருமுறை பார்த்தது,
அவசரமில்லாமல், காகிதம் கேட்காமல்.
பிறகு வழிவிட்டு நடந்துபோனது.
அமலோற்பவம் மட்டும் மெல்ல,
"இன்னா திமிரு பாரு" என்றாள், ஆசையோடு.

திரும்பும்போது இருட்டிவிட்டது.
எதிர்ப்பக்கம் அதே வரிசை, அதே நீலப் பெட்டி
காசிமேடு வரை நகர்ந்திருந்தது.
பருந்து இல்லை.
ஜெசிந்தா கருத்துப் படிவம் கொடுத்தாள்.
வழிகாட்டி எப்படி? மிக நன்று.
உணவு? நன்று.
தாமதத்துக்குக் காரணம் என்று ஏதேனும் தோன்றினால் எழுதவும்.

பேனாவை உதறிப் பார்த்தேன்.
உள்ளங்கையில் கிறுக்கினால் எழுதுகிறது.