விகுதி

ரியோ காயெகோஸில்
லாரி எடைமேடையில் நெலிதாவுக்கு வேலை.
கம்பளி மூட்டையின் எடையைக் கிலோ பிசகாமல் எழுதுவாள்.
அவள் குடும்பப் பெயரைத்தான்
ஒருவரும் பிசகாமல் எழுதியதில்லை.
மக்காஸ்கில், மஸ்காஸ்கில்,
ஞானஸ்நானப் பதிவேட்டில் மாஸ்காகில்.
ஒவ்வொரு குமாஸ்தாவும்
தன் காதுக்கு எட்டியதைப் போட்டுவிட்டுப் போயிருந்தான்.
பூட்டனைத் தேடப் புறப்பட்டவள்
பிழைகளைப் பிடித்துக்கொண்டே நடந்தாள்,
முள்வேலியில் சிக்கிய ரோமம் பார்த்து
மந்தை போன வழி அறிவதுபோல்.

பண்ணைக் கணக்கேட்டில் அகப்பட்டான்.
1893. டார்மட். லூயிஸ் தீவு. மேய்ப்பன்.
போர்வை ஒன்று, கத்தி ஒன்று, நாய் இரண்டு:
கூலியில் பிடித்தம்.
மூன்று வருஷம் தள்ளி, ஈரம் ஊறிய பக்கத்தில்:
‘பெகி மரணம். டார்மட் மூன்று நாள் வரவில்லை.
கூலியில் பிடித்தம்.’

அழுதுவிட்டாள் நெலிதா.
கடல் தாண்டி வந்த பழைய சாவுச் செய்தியை
வாசித்துக் காட்ட ஆள் தேடி
எத்தனை மைல் குதிரையில் போனானோ.
1899இல் ரொசெந்தாவைக் கட்டியதற்கும்
அது பொருந்தித்தான் வந்தது.
வம்ச மரத்தில் ஒரு கிளையும் கோணவில்லை.

பிறகு லூயிஸிலிருந்து கடிதம்.
டோலினா, ஓய்வுபெற்ற தபால்காரி,
தானும் டார்மட் வழிதான் என்றாள்.
பெகி மெக்காலே
ஹெர்ரிங் மீன் அறுத்து மகனை ஆளாக்கியவள்.
1929 வரை இருந்தாள்.
1901 குடிக்கணக்கெடுப்பில்
‘விதவை’ என்று சொல்லியிருக்கிறாள்.
அன்றைக்கு டார்மட்
ரொசெந்தாவின் இரண்டாம் பிள்ளைக்குத்
தொட்டில் செதுக்கிக்கொண்டிருந்தான்.

அப்படியானால், மூன்று நாள்?

கணக்கேட்டின் ஆங்கிலத்துக்குச் சிரமமில்லை,
நெலிதாவின் ஸ்பானியத்துக்கும் இல்லை.
அங்கே ஒரே சொல்லில் நாயும் சாகும், பெண்ணும் சாவாள்.
இதைத் தமிழில் எழுதும் எனக்குத்தான்
இறந்தாளா இறந்ததா என்று
கடைசி எழுத்தில் பேனா நிற்கிறது,
விடை தெரிந்த பிறகும்.

நெலிதா ஏட்டை மறுபடி புரட்டினாள்.
‘நாய் இரண்டு’ என்ற வரிக்குக் கீழே பென்சிலில்:
பெகி. கறுப்பு. இடது காது கிழிசல்.
மற்றதன் பெயர் அழிந்துபோயிருந்தது.

டோலினாவுக்கு எழுதிக் கேட்டாள்:
உங்கள் பெகி நாய் வளர்த்தாளா?

‘நாய் இல்லை. ஒரு பசு இருந்ததாம்.
சாயங்காலம் என்ன பேர் சொல்லி
அதை வீட்டுக்குக் கூப்பிட்டாள் என்று
யாரும் எழுதி வைக்கவில்லை.’

வெளியே ஹாரன்.
மேடையில் லாரி ஏறி நிற்கிறது.
பதினெட்டாயிரத்து நானூற்று இருபது கிலோ,
ஓட்டுநரையும் சேர்த்து.