பதினோராம் எதிர்மனுதாரர்

கண்டிக்குப் போகும் முதல் பஸ்ஸில்
ஜன்னலோரத்தை எனக்கு விட்டாள் ரஞ்சிதமலர்.
வழக்கில் அவள் பதினோராம் எதிர்மனுதாரர்.
மனு என்னுடையது.

நியமனக் கடிதம் இருவருக்கும்
ஒரே நாள், ஒரே மேசை, ஒரே பேனை.
கினிகத்தேனையில் மண் சரிந்து
நாவலப்பிட்டியில் நின்றுவிட்டேன்.
கடமையேற்றது மூன்று நாள் பிந்தி.
அந்த மூன்று நாட்கள்
பத்து வருடமாய் எனக்கு முன்னே நடக்கின்றன.

உதவி ஆசிரியராய் இருந்த காலம்
சேவையில் சேருமா என்று
வலயம் மாகாணத்தைக் கேட்டது.
மாகாணம் கொழும்பைக் கேட்டது.
கொழும்பு என் கோவையைக் கேட்டது.
கோவை ஹட்டனில்,
ஒழுகும் அலுமாரிக்குள்.

நீதிமன்றில் எல்லாம் சிங்களத்தில்.
விளங்காத இடங்களை அவள்தான்
காதருகே சொன்னாள்,
தனக்குப் பாதகமானதையும் விடாமல்.

அடுத்த தவணை ஒக்டோபரில்.
வரும் வழியில்
அவள் ரொட்டி, என் கட்டச்சம்பல்.
அதிபர் ஓய்வுபெற இன்னும் ஏழு மாதம்;
இருவருக்கும் தெரியும்,
இருவரும் மழையைப் பற்றியே பேசினோம்.

மறுநாள் பாடசாலைக்கு
நான்தான் முதலில் வந்தேன்.
வரவுப் பதிவேட்டில்
முதல் வரியை வெறுமையாய் விட்டு
இரண்டாவதில் ஒப்பமிட்டிருக்கிறேன்.
மை காய்ந்த பிறகுதான் கண்டேன்.