எழாத கட்டை

ஹில்குரோவில் எஞ்சின் தண்ணீர் குடித்தபோது
ஆர்மோனியப் பெட்டியும் குடித்தது.
தார்ப்பாய் ஒன்றுதான் இருந்தது;
அதைத் தர்பார் படுதாவுக்குப் போர்த்திவிட்டார்கள்.

குன்னூரில் இறங்கியது திண்டுக்கல் சௌந்தர கானசபா.
இருபத்திரண்டு பேர், ஏழு படுதா, ஒரு குரங்கு.
நாடகம் கோகிலாங்கி சுயம்வரம்.
கதையைச் சொல்ல இன்று ஆளில்லை.
குரங்கு எதற்கென்றும் தெரியவில்லை.

உருளைக்கிழங்கு மண்டிக்குப் பின்னால் தகரக் கொட்டகை.
ஆர்மோனியம் சவரிராயன் விரலை ஓட்டிப் பார்த்தார்.
எல்லாக் கட்டையும் பேசியது.
மேல் ஸா மட்டும் ஊறிப்போய்
அழுத்தினால் எழவில்லை.
மெழுகு தேய்த்தார், பெட்ரோமாக்ஸ் பக்கம் காட்டினார்,
கடைசியில் கெட்ட வார்த்தை சொன்னார்.

மூன்றாம் காட்சி, அரண்மனை இருட்டு.
ஸ்திரீபார்ட் தனக்கோடி தோழியிடம் கேட்க வேண்டும்:
'வாசல் விளக்கை யார் அணைத்தார்?'
அந்த 'யார்' ஏறி நிற்கும் இடம்தான் மேல் ஸா.

பெட்டி ஊமையானது. அவளும் வாயை மூடிக்கொண்டாள்.

'வாசல் விளக்கை . . . . அணைத்தார்?'

நடுவில் கொட்டகையை ஒரு பார்வை.
தொண்டை கட்டியிருந்தது என்பார்கள் சிலர்,
வேண்டுமென்றே என்பார்கள் சிலர்.
எனக்கு இரண்டாவது பிடிக்கும்; ஆதாரம் கிடையாது.

பின் பெஞ்சில் ஒருவன்: 'எங்க கங்காணி!'
சிரிப்பு அடங்குவதற்குள் அடுத்த சுற்று.
'வட்டிக்கடைக்காரன்!'
'எம் மச்சினன்தான், வேற எவன்!'
அன்றிரவு ஒன்பது ஒன்ஸ்மோர்.
தோழி வேஷக்காரி நின்றபடியே தூங்கிவிட்டாள்.

ஐந்தாம் நாள் அந்த இடத்தில் ஒரு துரையின் பெயர் விழுந்தது.
ஆறாம் நாள் போலீஸ்.
இன்ஸ்பெக்டர் பாட்டுப் புத்தகத்தை வரிவரியாகப் படித்தார்.
குற்றமான சொல் ஒன்றுமில்லை.
பாடாத சொல்லுக்கு எந்த செக்‌ஷன் போடுவது?
ஆர்மோனியத்தைத் தூக்கிக்கொண்டு போனார்.

பெட்டி இல்லாத அந்த இரவு
தனக்கோடி எந்த ஸ்வரத்தையும் தொட்டிருக்கலாம்.
அங்கேதான் நிறுத்தினாள்.

பிறகு மெட்ராஸில் இசைத்தட்டு போட்டார்கள்.
வேறு பாடகி, வெயிலில் உலர்ந்த ஆர்மோனியம்,
நெய் வழுக்குகிற மாதிரி ஒரு 'யார்'.
இயற்றியவர் என்று கம்பெனி முதலாளியின் பெயர்.
மலையில் வாங்கியவர்கள் திருப்பிக் கொண்டுவந்தார்கள்:
'இதுல ஒரு சொல்லு கூடுதலா இருக்கு.'

தட்டு விற்காமலே பாட்டு நடந்தது.
கொழுந்து நிறுக்கும் வரிசையில்,
அரவங்காடு தொழிற்சாலை கேட்டில் சம்பளம் வராத மாதம்.
ஒரே தேர்தலில் இரண்டு கட்சிக்கும் அதே பாட்டு,
மைக் செட் இரண்டும் எங்கள் கடையில் எடுத்தது,
ஒருத்தருமே வாடகைப் பாக்கி தீர்க்கவில்லை.

போன மாதம் வண்ணாரப்பேட்டையில் வளைகாப்பு.
என் செட் பாதியில் நின்றது, கரண்ட் போச்சு.
இருட்டில் ஒரு பெண் குரல் மெதுவாக எடுத்தது,
வாசல் விளக்கை என்று.
மொத்தத் தெருவும் மூச்சைப் பிடித்து,
பிறகு ஒரே குரலில் என் பெயரைச் சொன்னது.

கடையில் அந்தத் தட்டு ஒன்று இருக்கிறது.
'யார்' வரும் பள்ளத்தில் ஆணியால் கீறியிருக்கிறது;
ஊசி துள்ளி
நேராக 'அணைத்தார்' மேல் விழும்.
கீறினது யாரென்று கேட்டேன்.
வேலைக்காரப் பையன்கள் தலையைக் குனிந்துகொண்டார்கள்,
சிரிப்பை மறைக்க.