நான்காம் எண்

புல்லின் கறைக்கு வெந்நீர் ஆகாது.
வெந்நீர் பட்டால் பச்சை
துணியோடு குடும்பம் நடத்தத் தொடங்கிவிடும்.
தூர் ஆற்றங்கரை கிளப்பில் பதினேழு வருஷம்
அடுத்தவர் அழுக்கில் நான் படித்த படிப்பு இது.

முன்னே ஆடுகிறவர்களுக்கு முழங்காலில் கறை:
கோல் போட்டுவிட்டு
வழுக்கியபடி போய்க் கைவிரிப்பவர்கள்.
நான்காம் எண்ணுக்கு மட்டும் எப்போதும்
இடது இடுப்பில்.
பக்கவாட்டில் விழுபவன்.
வேறொருவன் போகவிருந்த வழியில்
தன்னைக் கிடத்துபவன்.

ரேமோ ட்ஸ்வைஃபெல்.
அவனுடைய கிளாருஸ் பள்ளத்தாக்கில்
தெருவுக்கு நான்கு ட்ஸ்வைஃபெல் உண்டாம்.
எங்கள் மொழியில் அதற்கு ஐயம் என்று பொருள்.
ஒலிபெருக்கிக்காரர் முதற்பெயரோடு நிறுத்திக்கொள்வார்,
மீதியைக் கூட்டம் கத்த வேண்டும்.
மழைக்கு ஒதுங்கிய தொள்ளாயிரம் பேர்
ஒரே குரலில் "ஐயம்!" என்பார்கள்.
அவன் குனிந்து
சாக்ஸை இழுத்துவிட்டுக்கொள்வான்.

இருநூற்றுப் பதினொரு ஆட்டம். மூன்று கோல்,
அதில் ஒன்று முதுகில் பட்டுப் போனது.
கணக்கில் இன்னொன்றும் இருக்கிறது:
ஷாஃப்ஹவுஸனில், கடைசி நிமிஷத்தில், சேம் சைடு கோல்.
அந்த வாரம் அவன் உடுப்பில் கறையே இல்லை.
விழாமல், நின்றபடியே,
காலை நீட்டியதில் நடந்திருக்கிறது.
துவைத்தேன். வேறென்ன செய்ய?

பிறகு ஒரு வருஷம்
எப்படியோ மேல் பிரிவுக்கு ஏறிவிட்டோம்.
விளக்குகள் கூடின, கேமரா வந்தது,
போர்ச்சுகலிலிருந்து ஒருவன் வந்தான்,
நான்காம் எண் பெஞ்சில் உட்கார்ந்தது.
வாராவாரம் மடிப்புக் கலையாமல்
பையில் திரும்பி வரும் அந்தச் சட்டை.
விதி விதிதான்,
பையில் வந்ததெல்லாம் துவைக்கப்படும்.
அழுக்கில்லாததைத் துவைப்பது
எவ்வளவு சிரமம் தெரியுமா,
எந்த இடத்தில் தேய்ப்பது?

ஏப்ரலில், ஜெனீவாவில்,
இரண்டு பேருக்கு அடிபட்டதால்
பதினாறு நிமிஷம் இறக்கிவிட்டார்கள்.
ஏற்கெனவே மூன்று கோல் வாங்கியிருந்தோம்.
நாலாவது விழவில்லை.
நான் ஆட்டத்தைப் பார்ப்பவள் அல்ல.
ஞாயிறு காலை பையைக் கவிழ்த்தேன்:
இடது பக்கம், உள்ளங்கை அகலத்துக்கு,
ஈரம் காயாத பச்சை.

அதை மட்டும் தனியே எடுத்து
தொண்ணூறு டிகிரியில் போட்டேன்.

கை தவறிவிட்டது என்றேன்
உடுப்புப் பொறுப்பாளர் ஃப்ரிக்கிடம்.
இத்தனை வருஷத்தில் முதல் தவறு,
அதனால் அவர் நம்பினார்.
மிச்சமிருந்த ஆறு வாரமும் ரேமோ
அந்தக் கறையோடு பெஞ்சில் இருந்தான்.
மேலே ஜாக்கெட் போட்டிருந்தான்,
பார்த்தவர் யாருமில்லை.
அவன் பார்த்தானா, தெரியாது.

முழங்கால் போனது. ஒரு மாலையில்
கைகுலுக்கல், வெள்ளை ஒயின்,
கண்ணாடிச் சட்டத்துக்குள் ஒரு நான்காம் எண்.
புதுசு. விலைச்சீட்டின் நூல்கூடக் கழுத்தில் தொங்கியது.
பழையவை கந்தல் மூட்டையில் போயின.
ஒன்று போகவில்லை. அது என் விஷயம்.

இப்போது எங்கள் கட்டடத்தின் நிலவறையில்
எனக்குச் சலவை முறை வியாழக்கிழமை.
போன வியாழன் நகராட்சி ஆள் வந்தான்,
தண்ணீர் மீட்டர் படிக்க.
தலை வழுக்கை. அதே தோள்.
மீட்டர் சுவருக்கும் குழாய்க்கும் நடுவே இருக்கிறது,
வலது முழங்காலை மடக்க முடியாமல்
பக்கவாட்டில் சாய்ந்து, சரிந்து,
ஏறக்குறையப் படுத்துத்தான் எண்ணைப் பார்த்தான்.

"உங்கள் இயந்திரம் நிறையக் குடிக்கிறது" என்றான்.
"பழசு" என்றேன்.
எழுதினான். கையெழுத்து வாங்கினான்.
என்னைத் தெரியவில்லை. எப்படித் தெரியும்,
நான் அவனுக்கு ஒரு பையின் மறுமுனை.

படியேறிப் போகும்போது
இடது இடுப்பில் சுவரின் சுண்ணாம்பு,
உள்ளங்கை அகலத்துக்கு.

தட்டிவிடச் சொல்லவில்லை.