ஒன்றை நான்காக்கியது

வியாழன் நான்கு மணிக்குத் தொலைபேசி அடிக்கும்.
வானொலி நிலையத்திலிருந்து மிஸ் மின்ஜூட்.
"இந்த வாரம் எது எத்தனை?"
நார்த் பிரிட்ஜ் ரோட்டில் எங்கள் கடை,
ஊரில் இன்னும் ஆறு கடைகள்.
ஏழின் கணக்கையும் கூட்டினால்
சனி இரவு முதல் பத்துப் பாட்டு.
தீவே நம்பியது அந்தப் பட்டியலை,
சரியாகச் சொன்னால்
ஏழு பேனாக்களை.

எழுபத்தொன்று, ஆகஸ்ட்.
வந்து இறங்கியது ஒரு நாட்டுப்புறப் பாட்டு.
நம் நாட்டுப்புறம் அல்ல; கன்ட்ரி.
தொப்பி, கிதார், மூக்கில் இழையும் குரல்,
எசமான் போன பிறகும்
வேலியோரம் நிற்கும் குதிரையைப் பற்றி
இரண்டு நிமிடம் நாற்பது வினாடி.

தட்டின் மேல் பெயர் டேல் ரட்னர்.
பிறப்புச் சான்றிதழில் செல்வரட்ணம்.
தஞ்சோங் பகார் துறைமுகத்தில்
பாரந்தூக்கி ஓட்டுகிறவன்.
குதிரை அவன் பார்த்ததெல்லாம்
புக்கித் தீமா பந்தயத்தில்,
அதுவும் தோற்ற குதிரை.

கடையில் ஒருமுறை ஓடவிட்டேன்.
மிஸ்டர் குவெக்குக்கு ஆங்கிலப் பாட்டே ஆகாது.
கணக்கெழுதுவதை நிறுத்தி,
"இந்த ஆள் யாருக்கோ காத்திருக்கிறான்" என்றார்.
மறுபடி எழுதத் தொடங்கினார்.

அந்த வாரம் விற்றது பத்தொன்பது.
ஒன்றின் தோளிலிருந்து ஒரு சாய்கோடு,
இடுப்பில் ஒரு குறுக்குக்கோடு.
நான்காகிவிட்டது.

காதல் என்று நினைத்துவிடாதீர்கள்.
இருபத்து மூன்று வயதில்
வாராவாரம் எண்களின் பேச்சையே கேட்டு எழுதியவள்;
ஒரே ஒரு எண்
என் பேச்சைக் கேட்கட்டுமே என்றிருந்தது.
"நாற்பத்தொன்பதா?" என்றாள் மிஸ் மின்ஜூட்.
"நாற்பத்தொன்பது" என்றேன்.
தொண்டை மட்டும் வறண்டது.

சனி இரவு அறிவித்தார்கள்: முதலிடம்.
திங்கள் காலை பலகைக் கதவை எடுக்குமுன்
ஐந்தடிப்பாதையில் வரிசை.
பள்ளிப் பையன்கள், இரவு வேலை முடித்த தாதியர்,
கோப்பிக் கடையிலிருந்து ஏப்ரனோடு ஒருத்தர்.
"அந்தக் குதிரைப் பாட்டு, மிஸ்."
தட்டு மூன்று வெள்ளி.
புதனுக்குள் அறுபத்திரண்டு,
ஒரு கோடும் கூட்டாமல்.
நான் கடனாகச் சொன்ன பொய்யை
ஊரே வரிசையில் நின்று அடைத்தது.

மூன்று வாரம் உச்சியில்.
அப்புறம் நாலு.
ஒன்பது.
பிறகு வேறு யாரோ.

அவன் கடைக்கு வந்தது அதற்கும் பிறகு.
நகக்கண்ணில் கிரீஸ்.
தட்டு வாங்க வரவில்லை.
"மிஸ், மனசில் கிடந்து உறுத்துகிறது.
முதல் வாரம் இங்கே விற்றதில்
பதினாறு என் காசு.
கூட வேலை செய்கிறவர்களிடம் மும்மூன்று வெள்ளி
கொடுத்தனுப்பினேன்.
ஒருத்தன் வீட்டிலும்
தட்டு ஓட்டுகிற பெட்டி கிடையாது."

சிரித்தேன். என் பங்கைச் சொல்லவில்லை.
அவன் போனதும் பேரேட்டைத் திறந்தேன்.
பத்தொன்பதில் பதினாறு போக
மூன்று.

ஒன்று மிஸ்டர் குவெக்.
தன் சட்டைப்பையிலிருந்து எடுத்துத்
தன் கல்லாவில் போட்டதைப் பார்த்தேன்.
ஒன்று நான்.

மூன்றாவதை வாங்கியவர் யாரென்று தெரியாது.
ரசீதில் பெயர் எழுதும் வழக்கம்
எங்கள் கடையில் இல்லை.