இரும்புக் கயல்

வியாழன் இரவு, சுங்கை லந்தாய் பட்டணத்தில்
ஆ சேங் டயர் கடைக் கதவு பாதி இறங்கியதும்
எங்கள் கடல் திறக்கும்.

டியூப் முக்கிப் பார்க்கும் தொட்டியோரம்
கவிழ்த்துப் போட்ட எண்ணெய் டின்கள் நான்கு.
தாயக்கட்டை என்னுடையது.
உலகமும் என்னுடையதுதான்:
பகலெல்லாம் செம்பனைக் குலை லாரிகளை நிறுத்துவிட்டு
எடைச்சீட்டுகளின் முதுகில் நான் வரைந்த
நாற்பத்தொரு தீவுகள்.

அங்கே வடக்கு கிடையாது.
நட்சத்திரங்கள் சம்பளம் வாங்கிய மறுநாள்
சொல்லாமல் இடம் மாறிவிடும்.
மாலுமிகளுக்கு இருந்தது ஒன்றே ஒன்று,
கட்டைவிரல் நீளத்தில் ஓர் இரும்புக் கயல்.
கிண்ணத்து எண்ணெயில் மிதக்கவிட்டால்
நீ போக நினைக்கும் இடத்தை அது காட்டாது.
உன்னை யாரோ எதிர்பார்த்திருக்கும் கரைப் பக்கம்
வாயைத் திருப்பும்.
எதிர்பார்க்க ஆளில்லாதவன் கப்பலில்
சுற்றிக்கொண்டே இருக்கும்.

அது தொலைந்து தொள்ளாயிரம் ஆண்டு.
ஒரு ராணி அதற்காகத் தன் தீவின்
அத்தனை குளங்களையும் இறைத்துப் பார்த்தாள்.
தவளைகள்தான் மிச்சம்.

என் ஆட்கள் மூன்று வருஷம் தேடினார்கள்.
மில்லில் கொதிகலன் பார்க்கும் அஸ்மான்
மந்திரம் பாதி மறந்த மந்திரவாதி.
ஆ சேங், பேயிடமும் பேரம் பேசும் கப்பல் தலைவன்.
4417 லாரி ஞானசீலன் வெறும் தூண்டில்காரன்,
தன் ஆளுக்குப் பேர்கூட வைக்கவில்லை.
பேச்சு மலாயில் ஓடும்.
வசவுக்கு மட்டும் மூவரும் தமிழுக்கு வருவார்கள்.

நான் யாரிடமும் சொல்லாதது:
கயல் எங்கே என்று எனக்கே தெரியாது.
எந்தச் சீட்டிலும் எழுதி வைக்கவில்லை.
வாராவாரம் அடுத்த தீவுக்குத் தள்ளிவிட்டேன்,
பல்வலிக்குக் கிளினிக் போவதைத் தள்ளுகிற மாதிரி.

பிறகு ஞானசீலனுக்கு சிங்கப்பூரில்
கிரேன் ஓட்டும் வேலை கிடைத்தது.
கடைசி வியாழன்.
தே தாரேக் நான்கு பொட்டலம், ஆறிப்போய்.
அவசரத்தில் ஒரு தீவு செய்திருந்தேன்:
ஏழு பூட்டு, ஒரு பாம்பு, பாம்புக்கு ஒரு விடுகதை.
அவர் கட்டையை உருட்டவில்லை.
சட்டைப் பையிலிருந்து முதல் வாரத்துச் சீட்டை எடுத்தார்,
எண்ணெய் ஊறி மஞ்சளித்தது,
என் கையெழுத்து:

சந்தையில் வாங்கியவை. கயிறு. உப்பு.
தூண்டிலுக்குக் கனமாக ஓர் இரும்புத் துண்டு,
மீன் மாதிரி இருக்கும். இரண்டு காசு.

"எப்பலேருந்து தெரியும்?"
"ரெண்டாவது மாசம்."
"வாயத் தொறந்து சொல்றதுக்கென்ன?"
"சொல்லிட்டா அப்புறம்
வியாழக்கிழம என்ன செய்யறதாம், கோமளா?"

ஆ சேங் பத்து நிமிஷம் திட்டினான்.
திட்டிக்கொண்டே பால் டின்னை வெட்டி
ஒரு மீன் செய்தான்.
தொட்டியின் கறுத்த தண்ணீரில் விட்டதும் மூழ்கியது.
எண்ணெயில் விடணும், என்று அஸ்மான்
மில்லிலிருந்து கொண்டுவந்த போத்தலைக் கவிழ்த்தார்.
பாதி இறுகிய செம்பனை எண்ணெய்,
அதன்மேல் தகரம் கொஞ்ச நேரம் நின்றது.
சாலைப் பக்கம் திரும்பியது என்றான் ஒருவன்,
டயர் அடுக்கைப் பார்த்தது என்றார் இன்னொருவர்.
கேட்டார்கள். என் கண்ணில் தூசி என்றேன்.

வெள்ளிக் காலை 4417 மேடையேறியது.
புது ஓட்டுநர், பொடியன், காதில் பாட்டு.
வெற்று எடையில் இருபது கிலோ குறைவு.
எங்கள் இயந்திரம் இருபதுக்குக் கீழே எண்ணத் தெரியாதது,
ஆகவே அதில் அர்த்தம் ஒன்றும் இல்லை.

ஒரு வெற்றுச் சீட்டைத் திருப்பிப் போட்டேன்.
நாற்பத்திரண்டாவது தீவு.
கரை வரைந்தேன், துறைமுகம் வரைந்தேன்,
துறைமுகத்தில் கோணலாய் ஒரு கிரேன்.
பின்னால் அடுத்த லாரி ஹாரன் அடித்தது.
பேர் இன்னும் வைக்கவில்லை.