தலைத்துண்டு

வடாலாவில் பதினாலு மாடிக்குத்
தண்ணீர் ஏற்றுகிறவன் நான்.
மொட்டைமாடிச் சாவி
என் அரைஞாணில் கிடக்கும்.

மே மாதம் ஏழாம் மாடி ஜிக்னாபென்
கட்டிலுக்கடியில் மறந்துபோன கிழங்கின்
மேல்முனையை வாளியில் போட்டிருந்தாள்.
ஊதா வெட்டுமுகம். ஓரத்தில்
கட்டைவிரல் நீளம் கறுத்த முளை,
கதவிடுக்கு வெளிச்சத்துக்கு வளைந்து.

வெட்டிய முகத்தில் பீடிச் சாம்பல் தடவினேன்.
சிமெண்ட் சாக்கு ஒன்று.
அதற்குள்,
போன வருசம் கணபதி கரைத்த டிரம்மின் களிமண்,
ஆறாம் மாடியில் இடித்த சுவரின் தூள்,
தேயிலைச் சக்கை, தேங்காய் நார்,
தொட்டி கழுவும்போது அடியில் கிடைத்த சேறு.
இவ்வளவு மண் தினமும்
என் மோட்டார் வழியாகத்தான் மேலே வந்திருக்கிறது.
ஒருத்தரும் கணக்கு வைக்கவில்லை.

மழை பிடித்ததும் கொடி பிடித்தது.
நாலு பட்டைத் தண்டு, பட்டைக்குப் பட்டை
சிவந்த விளிம்பு.
கேபிள் பக்கம் போகாதே என்று
இரும்புக் குழாயில் இடம்சுழியாகச் சுற்றிவிட்டேன்.
காலையில் பம்ப் போட வந்தால்
அத்தனையும் அவிழ்ந்து
வலம் வந்துகொண்டிருந்தது.
மூன்று நாள் நானும் அதுவும்.
நாலாம் நாள் விட்டுவிட்டேன்.
சாமி சுற்றுகிறவனை
யார் திருப்ப முடியும்?

ஆகஸ்டில், கிரிக்கெட் நடுவில்
பன்னிரண்டாம் மாடியில் படம் நின்றது.
இம்தியாஸ் கட்டரோடு ஏறி வந்தான்.
எது ஒயர் எது கொடி
அவனுக்கே பிடிபடவில்லை.
கட்டரைப் பையில் போட்டுவிட்டு
மழையில் நின்று ஒவ்வொரு சுற்றாகப் பிரித்தான்,
மகளுக்குச் சிக்கெடுப்பவன் மாதிரி.
கோளாறு கீழே. எலி.

டிசம்பரில் இலை பழுத்துக் கொடி காய்ந்தது.
செத்துப்போச்சு, தூக்கி எறி என்றார்
செக்ரெட்டரி காரட்கர்.
செத்தது மேலே உள்ளதுதான் என்று
இந்தியில் சொல்ல வரவில்லை.
அந்தர் ஹை என்றேன்.
உள்ளே இருக்கிறது.
அவர் என் நெஞ்சைப் பார்த்தார்.

பொங்கலுக்கு முந்தின நாள் சாக்கைக் கிழித்தேன்.
சாக்கு மூலையையே சட்டையாகப் போட்டுக்கொண்டு
முக்கோணமாய்ப் பருத்திருந்தது.
விலாவில் ஆறாம் மாடி டைல்ஸ் சில்லு ஒன்றை
விழுங்கவும் மாட்டாமல் துப்பவும் மாட்டாமல்.
பேப்பர்காரன் தராசில் ஐந்தே கால் கிலோ.

ரதாலு என்றாள் ஜிக்னாபென்.
ரதாளே என்றால் சர்க்கரைவள்ளி,
இது கோன்ஃபள் என்றார் காரட்கர்.
லிஃப்ட் வாசலில் கால்மணி நேரம்.
எனக்குக் காச்சில், என் பெண்சாதிக்கு ராசவள்ளி;
எங்கள் வீட்டில் அந்தச் சண்டை
கல்யாணமான வருசமே முடிந்துவிட்டது.
அவள்தான் ஜெயித்தாள்.

கத்தி ஊதா, வாளித் தண்ணீர் ஊதா,
முழங்கை வரை அரிப்பு.
நடுக்கண்டம் ஜிக்னாபென்னுக்கு.
சில்லு இருந்த பக்கம் காரட்கருக்கு
(சில்லை எடுத்துவிட்டேன்).
என்ன செய்வது என்று கேட்டான் இம்தியாஸ்.
வேகவை, உப்புப் போடு,
தேங்காய் இருந்தால் தேங்காய்.

தலையை யாருக்கும் கொடுக்கவில்லை.
சாம்பல் பூசி, பழைய பேப்பரில் சுற்றி
மோட்டாருக்குப் பின்னால் வைத்திருக்கிறேன்.
ஒரு நாளைக்கு அறுபதாயிரம் லிட்டர்
ஒரு முழம் தள்ளிப் போகிறது.
சொட்டுக் கேட்காமல் கிடக்கிறது.

நேற்று காரட்கர் மேலே வந்தார்.
மோட்டார் சத்தம் சரியில்லை என்று
குனிந்து காது கொடுத்தார்.
நிமிரும்போது பேப்பரின் ஒரு மடிப்பை
விரலால் விலக்கிப் பார்த்து
அப்படியே மூடினார்.

வால்வை இறுக்கு,
ஒழுகுகிறது, என்றார்.